திரையில் கொடியவர், ஊருக்கு உழைத்தவர்: மராத்தி நடிகர் நிலு புலேயின் வாழ்க்கை

புனே: மராத்தி திரைப்படங்களில் ஊர்ப் பெரிய மனிதராகத் தோன்றி ஏழைகளின் நிலத்தையும் வாழ்வையும் சூறையாடியவர் நடிகர் நிலு புலே. திரைக்கு வெளியே அவர் அதே ஏழைகளின் உரிமைக்காகப் பாடுபட்ட சமதர்மத் தொண்டர். ஒருபோதும் கதாநாயகராகக் கொண்டாடப்படாத அவர், துணைப் பாத்திரங்களின் மூலமே மகாராஷ்டிர மக்களின் நினைவில் நிலைத்தார்.

நீல்கண்ட் கிருஷ்ணாஜி புலே என்பது அவரது இயற்பெயர். இளமையில் புனேயிலுள்ள ராணுவ மருத்துவக் கல்லூரியில் தோட்டக்காரராகப் பணியாற்றினார். மாதச் சம்பளம் 80 ரூபாய். அதில் 10 ரூபாயை ராஷ்டிர சேவா தளம் என்ற சமதர்ம இளைஞர் அமைப்புக்கு நன்கொடையாக அளித்து வந்தார். சொந்தமாக நாற்றுப்பண்ணை தொடங்க வேண்டும் என்ற விருப்பம் பணமின்மையால் நிறைவேறவில்லை.

சேவா தளத்தின் கலைக்குழுவே அவருக்கு நடிப்புப் பள்ளியாக அமைந்தது. தமிழகத்தின் தெருக்கூத்தைப் போல ஆடல், பாடல், நையாண்டி கலந்த மராத்தி நாட்டுப்புற நாடகங்களின் வழியே சமூகக் கருத்துகளை எடுத்துச் சென்றார். 'கதா அகலேச்யா காந்த்யாச்சி' என்ற நாடகம் அவருக்குப் புகழ் தேடித் தந்தது. அதன் பயனாக 1968-இல் அனந்த் மானே இயக்கிய 'ஏக் காவ் பாரா பான்கடி' படத்தில் திரையுலகில் அடியெடுத்து வைத்தார்.

1972-இல் விஜய் டெண்டுல்கர் எழுதிய 'சகாராம் பைண்டர்' நாடகத்தில் தலைமைப் பாத்திரம் ஏற்றார். கணவரால் கைவிடப்பட்ட பெண்களைத் தன் நிபந்தனைகளின் பேரில் வீட்டில் வைத்துக்கொள்ளும் புத்தகம் கட்டும் தொழிலாளியின் கதை அது. நாடகத்துக்குத் தடை விதிக்கப்பட்டபோது, இயக்குநர் கமலாகர் சாரங் பம்பாய் உயர் நீதிமன்றம் வரை சென்று வெற்றி பெற்றார்.

ஜப்பார் படேல் இயக்கிய 'சாம்னா' திரைப்படம் புலேயின் முழு ஆற்றலையும் வெளிக்கொணர்ந்தது. அதில் கூட்டுறவு சர்க்கரை ஆலையைத் தன் பிடியில் வைத்திருக்கும் ஹிந்துராவ் பாட்டீலாக நடித்தார். ஊரில் நடந்த கொலை ஒன்றின் உண்மையைக் கிளறும் மதுவுக்கு அடிமையான ஆசிரியராக ஸ்ரீராம் லாகு நடித்தார். 1975-ஆம் ஆண்டு பெர்லின் திரைப்பட விழாவின் போட்டிப் பிரிவில் இப்படம் இடம்பெற்றது.

மேற்கு மகாராஷ்டிரத்தில் கரும்பு விவசாயியின் வரவும் கடனும் வாக்கும் சர்க்கரை ஆலையைச் சுற்றியே சுழல்பவை. அந்த அதிகாரத்தை ஊர் ஊராகச் சென்று நேரில் கண்டறிந்திருந்தார் புலே. ஆகவே அவரது வில்லன் கத்துவதில்லை. கரகரத்த தாழ்ந்த குரல், ஓரப்பார்வை, அவசரமற்ற நடை ஆகியவையே அச்சமூட்டப் போதுமானவையாக இருந்தன. மிரட்ட வேண்டிய தேவையே இல்லாதவனின் அதிகாரத்தை அவர் நடித்துக் காட்டினார்.

அந்த வெற்றிக்கு அவர் ஒரு விலையும் கொடுக்க நேர்ந்தது. திரையில் கண்டதை மெய்யென நம்பி அவரை வெறுத்த கிராமத்துப் பெண்கள் ஏராளம். தமிழ் ரசிகர்களுக்கு இது புதிதன்று. எம்.ஜி.ஆர். படங்களின் வில்லனாக வசைகளை வாங்கிய எம்.என்.நம்பியார், நிஜ வாழ்வில் சபரிமலை பக்தர்கள் போற்றிய குருசாமி. ஒருவர் ஆன்மிகத்திலும் மற்றவர் பகுத்தறிவுப் பணியிலும் தோய்ந்தவர்கள் எனினும், முகமூடி முகமாகவே கருதப்பட்ட நிலை இருவருக்கும் பொதுவானது.

'சிம்மாசன்' (1979) படத்தில் புலே அந்த முகமூடியைக் கழற்றினார். அரசியல் பேரங்களைக் கண்டு மனம் நொறுங்கும் பத்திரிகையாளர் திகு டிப்னிஸாக அவர் நடித்தது, அவரால் அதிகாரத்தின் மறுபக்கத்தையும் காட்ட இயலும் என்பதை மெய்ப்பித்தது. இந்தியில் 'கூலி', 'சாரான்ஷ்' உள்ளிட்ட படங்களிலும் நடித்தார். 'சாரான்ஷ்' படத்தில் முதிய தம்பதியரை அச்சுறுத்தும் அரசியல்வாதி அவரே. சுமார் 250 படங்களில் நடித்த அவருக்கு 1991-இல் சங்கீத நாடக அகாதமி விருது வழங்கப்பட்டது.

புகழ் வந்த பின்னரும் அவர் இயக்கங்களை விட்டு விலகவில்லை. மூடநம்பிக்கை எதிர்ப்பாளர் டாக்டர் நரேந்திர தாபோல்கருடன் இணைந்து செயல்பட்டார். முழுநேர சமூகத் தொண்டர்களுக்கு உதவும் நிதிக்காக ஸ்ரீராம் லாகு போன்ற கலைஞர்களுடன் நாடகம் நடித்துப் பணம் திரட்டினார். திரையில் அவர் ஏற்ற கொடியவர்கள் யாரை நசுக்கினார்களோ, அவர்களுக்காகப் பாடுபடுவோருக்கு அந்தக் கொடியவர்களால் கிடைத்த புகழே இவ்வாறு பயன்பட்டது.

உணவுக்குழாய் புற்றுநோயால் பாதிக்கப்பட்டிருந்த நிலு புலே, 2009 ஜூலை 13-ஆம் தேதி புனேயில் காலமானார். அதே ஆண்டு வெளியான 'கோஷ்ட சோட்டி டோங்கராயேவடி' அவரது கடைசிப் படங்களுள் ஒன்று. அப்படம் பேசியது மகாராஷ்டிர விவசாயிகளின் துயரத்தை.