ஒட்டகக் குளம்படிக்குள் ஒரு பெண் குரல்... டீலியா டெர்பிஷயரைத் தெரியுமா?

உங்க போன்ல ஒரு ஆப் இருந்தா போதும். குக்கர் விசிலைக்கூட ரெக்கார்டு பண்ணி, வெட்டி ஒட்டி ஒரு பீட் ஆக்கிடலாம். சின்தசைசரே கடைக்கு வராத காலத்துல, இதே வேலையை பிளேடும் ஒட்டு டேப்பும் வச்சு செஞ்சவர் டீலியா டெர்பிஷயர்.

1937-ல் இங்கிலாந்தின் கோவென்ட்ரியில் பிறந்தவர். மூன்று வயதில் அந்த ஊரே ஜெர்மன் குண்டுவீச்சில் எரிந்தது. அன்று அலறிய சங்கொலியும் எலெக்ட்ரானிக் இசைதான் என்று பின்னாளில் சொன்னார். கேம்பிரிட்ஜில் கணிதமும் இசையும் படித்துவிட்டு வேலை கேட்டுப் போனால், ரெக்கார்டிங் ஸ்டூடியோவில் பெண்களுக்கு வேலை இல்லைன்னு டெக்கா நிறுவனம் கையை விரித்துவிட்டது. 1960-ல் பிபிசியில் சேர்ந்து, இரண்டே வருடத்தில் அதன் ரேடியோபோனிக் வொர்க்‌ஷாப்புக்குப் போனார்.

சஹாராவின் துவாரெக் நாடோடிகளைப் பற்றி பிபிசி எடுத்த ஆவணப்படத்துக்கு அவர் என்ன செய்தார் தெரியுமா? ஆபீஸில் கிடந்த பழைய பச்சை உலோக விளக்குக் கூண்டைத் தட்டினார். 'டங்' என்ற தொடக்கத்தை வெட்டி எறிந்துவிட்டு, பின்னால் நீளும் ரீங்காரத்தை மட்டும் எடுத்தார். அதற்குள் எந்தெந்த அலைவரிசைகள் ஒளிந்திருக்கின்றன என்று அலசி, ஆசிலேட்டர்களால் மறுபடி கட்டினார். கணிதம் படிச்சது வீண் போகலை பாருங்க! பாலைவனத்தில் கானல் நடுங்குவது போன்ற இசை கிடைத்தது. ஒட்டகங்களின் குளம்படி? தன் குரலையே துண்டு துண்டாக நறுக்கி அடுக்கியது.

'டாக்டர் ஹூ' தொடரின் தீம் இசையை நீங்க கேட்டிருக்கலாம். 1963-ல் ரான் கிரெய்னர் எழுதிய மெட்டுக்கு ஒலி கொடுத்தவர் டீலியாதான். அதைக் கேட்டு அசந்துபோன கிரெய்னர், அவருக்கும் இணை இசையமைப்பாளர் என்ற பெயரையும் ராயல்டியில் பங்கையும் தர நினைத்தார். பிபிசி விதிகள் விடலை. திரையில் அவர் பெயர் வர 2013 ஆனது. அதைப் பார்க்க அவர் இல்லை என்பதுதான் கொடுமை.

1973-ல் பிபிசியை விட்டு விலகினார். கேஸ் குழாய் பதிக்கும் இடத்தில் ரேடியோ ஆபரேட்டர் வேலைகூடப் பார்த்தார். 2001-ல், 64 வயதில் இறந்தார். அதன் பிறகு வீட்டுப் பரணைத் திறந்தபோது, சீரியல் டப்பாக்களில் அடைத்துவைத்த 267 டேப்கள் கிடைத்தன. இப்போது அவை மான்செஸ்டர் பல்கலைக்கழகத்தில் பத்திரமாக இருக்கின்றன.