தொலைக்காட்சியைத் தோலுரித்த திரைக்கதை ஆசிரியர்

செய்தி எங்கு முடிகிறது, கேளிக்கை எங்கு ஆரம்பமாகிறது என்பதைப் பிரித்தறிவது இன்று கடினமாகிவிட்டது. பார்வையாளர் எண்ணிக்கையே அனைத்தையும் அளக்கும் கோலாகிவிட்டது. இந்த ஆபத்தை 1976ஆம் ஆண்டிலேயே திரையில் எழுதிக் காட்டிய அமெரிக்கர் பெடி சாயெவ்ஸ்கியை நாம் நினைவுகூர்வது பொருத்தமானதாகும்.

1923 ஜனவரி 29ஆம் திகதி நியூயோர்க்கின் பிரொங்ஸ் பகுதியில், ரஷ்யாவிலிருந்து குடியேறிய யூதப் பெற்றோருக்குப் பிறந்த அவரது இயற்பெயர் சிட்னி. இரண்டாம் உலக மகா யுத்தத்தில் படைவீரராகச் சென்ற அவர், ஜேர்மனியில் கண்ணிவெடியில் சிக்கிப் படுகாயமுற்றார். இங்கிலாந்தில் சிகிச்சை பெற்ற நாட்களிலே இசை நாடகமொன்றை எழுதினார். எழுத்தே தமது வாழ்வு என்பது அங்குதான் உறுதியாயிற்று எனலாம்.

அக்காலத்தில் அமெரிக்கத் தொலைக்காட்சியில் நாடகங்கள் நேரடியாகவே ஒளிபரப்பாகின. 1953 மே மாதம் என்.பி.சி. நிலையத்தில் ஒளிபரப்பான அவரது 'மார்ட்டி', முப்பது வயதைக் கடந்தும் மணமாகாது தனிமையில் வாடும் இறைச்சிக் கடைக்காரர் ஒருவரின் கதையாகும். சாமானியனின் துயரம் சின்னத்திரையில் மதிப்புடன் பேசப்பட்டது. 1955இல் அவரே அதனைத் திரைக்கதையாக்கினார். அப்படம் கான் திரைப்பட விழாவின் உயர் விருதையும், சிறந்த படம், சிறந்த திரைக்கதை உள்ளிட்ட நான்கு ஒஸ்கார் விருதுகளையும் வென்றது.

அதே ஆண்டில் சி.பி.எஸ். நிலையம் அறுபத்து நான்காயிரம் டொலர் பரிசுக்கான வினாவிடைப் போட்டியை ஆரம்பித்தது. விளம்பரதாரர்கள் அத்தகைய நிகழ்ச்சிகளை நோக்கித் திரும்பினர். போட்டிகள் சிலவற்றில் விடைகள் முன்கூட்டியே வழங்கப்பட்டமை பின்னர் அம்பலமாகி, 1959இல் அமெரிக்கக் காங்கிரஸின் விசாரணை வரை சென்றது. ஆயினும் தசாப்தம் முடியும் வேளையில் நேரடி நாடகங்கள் பெரும்பாலும் மறைந்துவிட்டிருந்தன. சாயெவ்ஸ்கி மேடைக்கும் திரைப்படத்துக்கும் பெயர்ந்தார். தமது வசனங்களை எவரும் மாற்றலாகாது என்பதில் அவர் கொண்டிருந்த பிடிவாதம் திரையுலகில் அபூர்வமானது.

'த ஹொஸ்பிட்டல்' அவருக்கு இரண்டாவது ஒஸ்காரையும், 1976இல் வெளியான 'நெட்வேர்க்' மூன்றாவதையும் பெற்றுத் தந்தன. 'நெட்வேர்க்' படத்தில், பார்வையாளரை இழந்து பதவி நீக்கப்படும் செய்தி வாசிப்பாளர் ஒருவர், நேரடி ஒளிபரப்பிலேயே தற்கொலை செய்யப்போவதாக அறிவிக்கிறார். மனநிலை குலைந்த அம்மனிதரின் ஆவேசத்தை நிலையம் விற்பனைப் பண்டமாக்குகிறது. பார்வையாளர் குறைந்ததும் அவரைக் கொல்வதற்கே ஏற்பாடு செய்கிறது. அன்று மிகைப்படுத்தலாகத் தோன்றிய இக்கதையை இன்று எவரும் எளிதில் ஒதுக்கிவிட முடியாது.

எனினும் அவரது பார்வையிலும் குறை இருந்தது என்பதை நாம் மறைப்பதற்கில்லை. அப்படத்தில் சவூதி முதலீட்டைப் பேரச்சுறுத்தலாகச் சித்திரித்த அவர், அராபியரை ஒரே நிறத்தில் தீட்டினார். பலஸ்தீனம் பற்றிய ஆவணப்படத்தில் பங்கெடுத்தமைக்காக எதிர்ப்புக்குள்ளாகியிருந்த நடிகை வனெசா ரெட்கிரேவ், 1978 ஒஸ்கார் விழாவில் தம் எதிர்ப்பாளர்களைச் சாடியபோது, விருது மேடையை அரசியலுக்குப் பயன்படுத்தியதாக சாயெவ்ஸ்கி அவரைப் பகிரங்கமாகக் கண்டித்தார். வாழ்நாள் முழுவதும் அதிகாரத்தை எழுத்தால் எதிர்த்த ஒருவர், இன்னொருவரின் குரலுக்கு எல்லை வகுக்க முற்பட்டது முரண்பாடே.

1980இல் வெளியான 'ஒல்டர்ட் ஸ்டேட்ஸ்' தமது எண்ணப்படி அமையாததால் தமது பெயரையே அதிலிருந்து நீக்கிக்கொண்ட அவர், 1981 ஓகஸ்ட் 1ஆம் திகதி தமது 58ஆவது வயதில் புற்றுநோயால் மறைந்தார். தொலைக்காட்சியின் ஆற்றலை உள்ளிருந்து அறிந்தவராதலாலேயே அதன் சீரழிவை அவரால் துல்லியமாக எழுத முடிந்தது. துயரத்தைக் காட்சிப் பொருளாக்கும் நிறுவனங்கள் மட்டுமன்றி, அதனைக் கண் இமைக்காது பார்த்திருக்கும் நாமும் பொறுப்பாளிகளே. சாயெவ்ஸ்கியின் எச்சரிக்கை நம் அனைவருக்கும் உரியதாகும்.