அரிஸ்டோட்டிலின் மரணசாசனம்

ஒழுக்கவியலைக் கற்கப் புகுவோர் அரிஸ்டோட்டிலின் நூல்களிலிருந்து தொடங்குவது வழக்கம். நான் அவருடைய மரணசாசனத்திலிருந்து தொடங்க விரும்புகிறேன். கி. பி. மூன்றாம் நூற்றாண்டளவில் வாழ்ந்த டயோஜெனிஸ் லேயர்ட்டியஸ் என்பார், கிரேக்க ஞானிகளின் சரித்திரங்களைத் தொகுத்த தமது நூலிலே அந்தச் சாசனத்தையும் சேர்த்து வைத்துச் சென்றார். ஆன்மாவைப் பற்றியும் பிரபஞ்சத்தைப் பற்றியும் கடைசி உபதேசம் ஏதாவது அதில் இருக்கும் என்று எதிர்பார்ப்போர் ஏமாறுவர். வீடு, தளபாடம், வெள்ளி, சிலைகள், மகளின் விவாகம், பணியாட்கள் ஆகியனவே அதில் உள்ளன. ஆயினும், மனிதர் எவ்வாறு நல்லவராகின்றனர் என்று வாழ்நாளெல்லாம் ஆராய்ந்த ஒருவர் தம் வீட்டிலிருந்தோருக்கு என்ன செய்ய எண்ணினார் என்பதை அறிய இதைவிட நெருங்கிய சாட்சி நமக்கில்லை. அந்தச் சாட்சி அவருக்கு முற்றிலும் சாதகமாகப் பேசவில்லை என்பதனாலேயே எனக்கு அதன்மீது மதிப்பு அதிகம்.

கி. மு. 384இல், கிரேக்க நாட்டின் வடபாலுள்ள ஸ்டாகிரா என்ற சிற்றூரில் அவர் பிறந்தார். தந்தையார் நிக்கோமாக்கஸ், மசிடோனிய மன்னன் அமிந்தாசின் வைத்தியர். வைத்தியர் வீட்டுப் பிள்ளை என்பதை வாசகர்கள் மனத்திற் கொள்ள வேண்டும். ஒரே மருந்தை ஒரே அளவில் எல்லா நோயாளருக்கும் கொடுப்பவன் வைத்தியனாகான். இன்ன உடம்புக்கு, இன்ன வேளையில், இவ்வளவு என்று அறிவதே வைத்தியம். பிற்காலத்தில் ஒழுக்கத்தைப் பற்றி எழுதியபோது அரிஸ்டோட்டில் உவமைக்கு அடிக்கடி நாடியதும் அந்த வைத்தியத்தையே.

தந்தையை இளமையிலேயே இழந்த அவர், பதினேழாம் வயதில் ஏதென்சுக்கு வந்து பிளேட்டோவின் அக்கடமியிற் சேர்ந்தார். அங்கே மாணாக்கராகவும் பின்னர் ஆசிரியராகவும் இருபது ஆண்டுகள் கழிந்தன. ஆசான்மீது அவருக்கிருந்த அன்பு பெரிது. ஆனால் நன்மை என்பது இவ்வுலகுக்கு அப்பாலுள்ள ஒரு மாறாத வடிவம் என்ற ஆசானின் கொள்கையை அவரால் ஏற்க முடியவில்லை. அந்த வடிவத்தை அறிந்துகொண்டதனால் தச்சனுக்கோ தளபதிக்கோ தன் வேலையில் என்ன பயன் விளையும் என்று அவர் கேட்டார். நண்பர்களின் கொள்கையை மறுப்பது கடினமானாலும் உண்மைக்கே முதலிடம் தரவேண்டும் என்ற கருத்தையும் அவ்விடத்திலேயே எழுதினார்.

கி. மு. 347 அளவில் பிளேட்டோ மறைந்தார். அக்கடமியின் தலைமை, அவருடைய மருமகன் முறையிலான ஸ்பியூசிப்பஸ் என்பவருக்குப் போயிற்று. அரிஸ்டோட்டில் நகரை விட்டு நீங்கினார். ஏறக்குறைய அதே காலத்தில் மசிடோனிய மன்னன் பிலிப்பு வடபுல நகரங்களை அழித்தபோது ஸ்டாகிராவும் பாழாயிற்று. ஏதென்சிலோ அவர் என்றும் வெளியூரவரே. அந்நகரில் நிலம் வாங்கவோ சபையில் வாக்களிக்கவோ அவருக்கு உரிமை இருக்கவில்லை. மனிதன் நகரத்தோடு பிணைந்து வாழும் பிராணி என்று கற்பித்தவருக்கு, முப்பத்தேழு வயதில், தம் சொந்த நகரம் என்று சொல்ல ஒன்றும் இருக்கவில்லை.

இந்நிலையிலேயே ஹெர்மியாஸ் அவரை அழைத்தான். சின்ன ஆசியாவின் கரையோரத்தில் அதார்னியஸ், அசோஸ் முதலிய இடங்களை ஆண்ட சிற்றரசன் அவன். முன்னர் ஒருவரிடம் அடிமையாயிருந்து, பின்னர் தன் திறமையால் ஆட்சிக்கு வந்தவன் என்று பழைய ஆசிரியர்கள் கூறுவர். அவனுடைய ஆதரவில் அரிஸ்டோட்டில் அசோசில் மூன்றாண்டுகள் வாழ்ந்தார். அவனுக்கு நெருங்கிய உறவினளும் வளர்ப்பு மகளும் எனக் கூறப்படும் பிதியாசை மணந்தார். தாயின் பெயரையே தாங்கிய மகள் ஒருத்தியும் பிறந்தாள். பின்பு எதிரேயுள்ள லெஸ்பொஸ் தீவுக்குச் சென்று, தம் நண்பர் தியோபிராஸ்டசோடு சேர்ந்து உயிர்களை ஆராய்ந்தார். அத்தீவிலுள்ள பிர்ரா என்னும் களப்பின் மீன்களையும் நண்டுகளையும் பற்றி அவர் எழுதியவை இன்றும் விலங்கியலாரை வியக்க வைக்கின்றன. ஒருவகைச் சுறாவின் குட்டி தாயின் உடலோடு கொடியாற் பிணைக்கப்பட்டிருக்கும் என்று அவர் எழுதியதை, 1842இல் ஜெர்மானிய அறிஞர் யொஹானஸ் முல்லர் தாமே ஆராய்ந்து மெய்யென நிறுவினார். இதை இங்கே சொல்வதற்குக் காரணமுண்டு. மீனை ஆராய்ந்த அதே கண்ணோடுதான் அவர் மனிதரையும் பார்த்தார். இது எப்படி வாழ்கிறது, எப்போது செழிக்கிறது, எதனாற் கெடுகிறது என்பதே இரண்டிடத்தும் அவருடைய கேள்வி.

பிலிப்பு தன் மகன் அலெக்சாந்தருக்கு ஆசிரியராக வருமாறு கி. மு. 343 அளவில் அவரை அழைத்ததும், மியேசா என்னுமிடத்தில் பதின்மூன்று வயதுச் சிறுவனுக்கு அவர் பாடஞ் சொன்னதும் எல்லாரும் அறிந்த கதை. ஆசிரியர் பெருமையை மாணவனின் படைகளைக் கொண்டு அளப்போர் அளக்கட்டும். அரிஸ்டோட்டிலின் உறவினரான கலிஸ்தனிஸ் அலெக்சாந்தரின் படையெடுப்பை வரலாறாக எழுதச் சென்றவர். மன்னன் முன் மண்டியிட்டு வணங்கும் பாரசீக வழக்கை எதிர்த்தமையால் அவனுடைய சினத்துக்கு ஆளாகி, சதிக் குற்றஞ் சாட்டப்பட்டு, கி. மு. 327இல் பிடிக்கப்பட்டு உயிரிழந்தார் என்பதை மட்டும் நான் குறித்துச் செல்கிறேன்.

ஆசிரியர் மசிடோனியாவிலிருந்த அந்நாளில், கி. மு. 341 அளவில், பாரசீகர் ஹெர்மியாசை வஞ்சகமாகப் பிடித்துச் சென்று கொன்றனர். தத்துவத்துக்குத் தகாத எதனையும் தான் செய்யவில்லை என்று தன் நண்பர்களுக்குச் சொல்லியனுப்பிவிட்டு அவன் மாண்டான் என்பது வரலாறு. அரிஸ்டோட்டில் அவனுக்கு டெல்பியிலே சிலை எழுப்பினார். நற்குணத்தையே ஒரு கன்னிகையாக விளித்து, அவளுக்காக உழைத்த பழைய வீரர்களோடு தம் நண்பனையும் வைத்து ஒரு பாடலும் இயற்றினார். அன்பின் பொருட்டுச் செய்த இக்காரியம் பின்னர் அவருக்கு வினையாயிற்று.

கி. மு. 335இல் அவர் மீண்டும் ஏதென்சுக்கு வந்தார். நகரின் கிழக்குப் புறத்தில் லைசியம் என்ற சோலையையும் உடற்பயிற்சிக் களத்தையும் சார்ந்து தமது கல்விக் கழகத்தை அமைத்தார். வெளியூரவர் ஆதலின் இடத்தைச் சொந்தமாக்கிக் கொள்ள இயலவில்லை. அக்களத்தின் அடித்தளங்கள் 1996இல் ஏதென்சின் நடுவே, புதிய கட்டடமொன்றுக்காக நிலத்தை அகழ்ந்தபோது வெளிப்பட்டன. பன்னிரண்டு ஆண்டுகள் அங்கே அவர் நிகழ்த்திய விரிவுரைகளின் குறிப்புகளே இன்று நம்மிடம் நூல்களாக இருப்பவை எனலாம். அவர் உலகுக்கென்று அழகுற எழுதிய உரையாடல்கள் பெரும்பாலும் அழிந்துபோயின. பத்துப் பகுதிகளையுடைய நிக்கோமாக்கிய ஒழுக்கவியல் அக்குறிப்புகளில் ஒன்று.

அந்நூலின் போதனை எளிது. ஆயின் எளிதாகத் தவறவிடத்தக்கது. வீடு கட்டிக் கட்டியே ஒருவன் சிற்பியாவது போல, நீதியானவற்றைச் செய்து செய்தே ஒருவன் நீதிமானாகிறான். துணிவு என்பது அச்சத்துக்கும் அசட்டுத் துணிச்சலுக்கும் இடைப்பட்டது. கொடை என்பது உலோபத்துக்கும் ஊதாரித்தனத்துக்கும் இடைப்பட்டது. அந்த நடுநிலையைத் தராசினால் நிறுத்துக் காண முடியாது. விவேகமுள்ளவன் வேளையும் ஆளும் அறிந்து கண்டுகொள்வான். பத்துப் பகுதிகளில் இரண்டை அவர் முழுவதும் நட்புக்கே ஒதுக்கினார் என்பதைக் காணும்போது, அசோசில் கழிந்த நாட்கள் என் நினைவுக்கு வருகின்றன.

இரண்டாயிரம் ஆண்டுகளுக்குப் பின் வந்தோர் வேறு வழி கண்டனர். இம்மானுவேல் கான்ட் 1785இல் வெளியிட்ட நூலில், பழக்கத்தாலும் விருப்பத்தாலும் செய்யும் நற்செயலுக்கு ஒழுக்க மதிப்பைத் தர மறுத்தார்; எல்லார்க்கும் ஒருங்கே சட்டமாகத்தக்க நெறியைக் கடமையென மதித்துச் செய்வதே அறம் என்றும், எந்த மனிதனையும் வெறுங் கருவியாகக் கொள்ளலாகாது என்றும் வாதித்தார். இங்கிலாந்தின் ஜெரமி பெந்தாமோ செயலின் விளைவையே நோக்கினார்; இன்பத்தையும் துன்பத்தையும் கணக்கிட்டு, அக்கணக்கில் ஒவ்வொருவரையும் ஒருவராகவே எண்ணவேண்டும் என்றார். ஒருவர் செயலின் நெறியைக் கேட்கிறார். மற்றவர் பலனைக் கேட்கிறார். செய்பவன் எத்தகையவன் என்று கேட்பவர் அரிஸ்டோட்டில். கேம்பிரிட்ஜ், ஒக்ஸ்போர்ட் வகுப்பறைகளில் நெடுங்காலம் முன்னிருவரின் வழக்கே நடந்துவந்தது. 1958இல் எலிசபெத் அன்ஸ்கம் எழுதிய கட்டுரையும், 1981இல் அலஸ்டெயர் மக்கின்டயர் வெளியிட்ட நூலுமே பழைய கிரேக்கரை மீண்டும் வழக்குமன்றத்துக்கு அழைத்து வந்தன.

அழைத்து வந்த இடத்தில் அவர் பதில் சொல்லவேண்டிய கேள்வி ஒன்றுண்டு. பழக்கமே குணத்தை ஆக்குமாயின், ஊரின் பழக்கமே கெட்டதாயிருந்தால் என் செய்வது? ஏதென்சிலே அடிமைகள் இல்லாத வசதியுள்ள வீடு அரிது. அரசியல் என்னும் தமது நூலில், இயற்கையாகவே அடிமைகளாகப் பிறந்தோர் சிலர் உளர் என்று அரிஸ்டோட்டில் எழுதினார். அறியாமல் எழுதினார் என்று அவரைத் தப்புவிக்க எனக்கு வழியில்லை. அடிமைமுறை இயற்கைக்கு மாறானது, அது வன்முறையில் நிற்பது என்று கூறுவாரும் உளர் என அதே நூலில் அவரே குறித்திருக்கிறார். அடிமையாயிருந்தவன் என்று சொல்லப்பட்ட ஒருவனுடைய விருந்தினராய் உண்டு, அவன் வீட்டுப் பெண்ணை மணந்து, அவனை வீரர் வரிசையில் வைத்துப் பாடியவர் எழுதிய வரி அது. கான்டின் நெறியைக் கொண்டு பார்த்தாலும் பெந்தாமின் கணக்கைக் கொண்டு பார்த்தாலும் அது நில்லாது. அவருடைய சொந்த முறையைக் கொண்டே பார்த்தாலும், கண்ணெதிரே நின்ற சான்றைப் பாராது விட்ட ஆராய்ச்சி அது. மீனுக்குக் காட்டிய பொறுமையை அவர் மனிதருக்குக் காட்டவில்லை. அந்நூலின் பின்னொரு பகுதியில், அடிமைகள் எல்லோருக்கும் விடுதலையைப் பரிசாக வைப்பது நன்று, அதற்குரிய காரணத்தைப் பின்னர் கூறுவேன் என்கிறார். நமக்குக் கிடைத்துள்ள நூலில் அந்தக் காரணம் எங்குமில்லை.

கி. மு. 323இல் அலெக்சாந்தர் பாபிலோனில் இறந்தான். செய்தி எட்டியதும் ஏதென்ஸ் மசிடோனியருக்கு எதிராக எழுந்தது. மசிடோனிய ஆட்சியாளரான அன்டிபேற்றரின் நண்பர் என்பது அரிஸ்டோட்டிலுக்கு எதிராக நின்ற உண்மைக் குற்றம். வழக்குக்கு எடுத்ததோ ஹெர்மியாசைப் பற்றிய அந்தப் பாடல்: மனிதன் ஒருவனுக்குத் தெய்வங்களுக்குரிய துதியைப் பாடித் தெய்வநிந்தை செய்தார் என்றனர். எழுபத்தாறு ஆண்டுகளுக்கு முன் சோக்கிரதீசுக்கு நஞ்சு கொடுத்த நகரம் தத்துவத்துக்கு இரண்டாம் முறையும் தீங்கிழைக்க இடந்தரேன் என்று சொல்லி அவர் நகரை நீங்கினார் என்பர். சோக்கிரதீஸ் நின்றார், இவர் போனார் என்று இகழ்வாரோடு எனக்கு உடன்பாடில்லை. அறுபத்திரண்டு வயதை எட்டும் நிலையில், சிறு மகனொருவனையும் மணமாகாத மகளையும் உடைய வெளியூரவர், தமக்கு உரிமை தராத நகரத்துக்காக ஏன் சாகவேண்டும்? கலிஸ்தனிசோடு சேர்ந்து பிதிய விளையாட்டில் வென்றோரின் பட்டியலைத் தொகுத்தமைக்காக டெல்பி நகரத்தார் முன்னர் வழங்கியிருந்த மரியாதையையும் இப்போது பறித்துக்கொண்டனர். அதற்காகத் தாம் பெரிதாக வருந்தவுமில்லை, முற்றும் வருந்தாமலுமில்லை என்று அன்டிபேற்றருக்கு அவர் கடிதம் எழுதினார். நடுநிலையைக் கற்பித்தவரின் மனம் தனக்கே அளவெடுத்துப் பார்த்த இடம் இது என்று எனக்குத் தோன்றுகிறது. அந்த மரியாதையைப் பொறித்த கல்வெட்டு சிதைந்த துண்டாக டெல்பியில் அகழ்ந்தெடுக்கப்பட்டுள்ளது.

யூபியாத் தீவிலுள்ள கால்கிஸ் நகரத்தில், தாய்வழி வந்த வீட்டில், கி. மு. 322இல் அவர் நோயுற்று இறந்தார். அன்டிபேற்றரை மேற்பார்வையாளராக வைத்து அவர் எழுதிய சாசனத்தை இனிப் பார்ப்போம்.

பிதியாஸ் முன்னரே இறந்துபோனாள். அதன்பின் அவரோடு வாழ்ந்தவள் ஹெர்பில்லிஸ். மகன் நிக்கோமாக்கஸ் அவளுக்குப் பிறந்தவன் என்று பலர் கருதுவர். அவள் தம்மிடம் அன்பாயிருந்ததை நினைந்து அவளைப் பேணுமாறு சாசனம் கேட்கிறது. அவள் வேறு விவாகஞ் செய்ய விரும்பின் தகுதியற்றவனுக்குக் கொடுக்கலாகாது. முன்னர் கொடுத்தவற்றோடு ஒரு தலாந்து வெள்ளியும், அதாவது 6,000 திராக்மாவும், பணிப்பெண்களும் அவளுக்குச் சேரவேண்டும். கால்கிசில் தங்க விரும்பினால் தோட்டத்தருகேயுள்ள வீடு. ஸ்டாகிராவை விரும்பினால் தந்தையாரின் பழைய வீடு. எதை அவள் தெரிந்தாலும் அவளுக்குத் திருப்தியாகத் தளபாடமிட்டுக் கொடுக்கவேண்டும். அடுத்து, தம்மை எங்கே அடக்கஞ் செய்தாலும் பிதியாசின் எலும்புகளைக் கொண்டுவந்து அங்கேயே வைக்கவேண்டும், அது அவள் கேட்டுக்கொண்டபடி என்கிறார். இரண்டு பெண்களுக்கும் அவர் எழுதியவற்றில் ஒருத்தியின் பொருட்டு மற்றவளைக் குறைத்த சொல் ஒன்றையேனும் நான் காணவில்லை.

பிறகு அடிமைகளின் பெயர்கள் வருகின்றன. அம்பிராக்கிஸ் என்பவளுக்கு விடுதலை. மகள் மணமாகும்போது அவளுக்கு 500 திராக்மாவும் ஒரு பணிப்பெண்ணும். அந்தப் பணிப்பெண்ணின் பெயர் சாசனத்தில் இல்லை. தைக்கோன், பிலோன், ஒலிம்பியஸ், அவனுடைய குழந்தை ஆகியோர்க்கு மகளின் விவாகத்தின்போது விடுதலை. கடைசியாக, தமக்குப் பணிசெய்த சிறுவர் எவரையும் விற்கலாகாது. வீட்டிலேயே வைத்திருந்து, வயது வந்ததும், தகுதியுடையவராயின் விடுவிக்கவேண்டும் என்று எழுதினார். தகுதியை அளப்பவர் யார் என்று சாசனம் சொல்லவில்லை. விடுதலை பெற்றவளுக்குப் பரிசாக இன்னொரு பெண்ணைக் கொடுத்த கை, விற்கலாகாது என்றும் எழுதியிருக்கிறது; அதே கை அடுத்த வரியில், கிறில்லியன் என்ற சிற்பியிடம் சொல்லிவைத்த சிலைகள் முடிந்தவுடன் அவற்றை நிறுத்தவேண்டும் என்று, தன் தாயின் சிலையையும் மறவாமல், எழுதிக்கொண்டு போகிறது.