காட்டு ஒட்டகத்தைத் தேடியவர்

ஒட்டகம் என்றவுடன் நம் நினைவுக்கு வருபவை ராஜஸ்தானும் அரேபியாவும்தான். ஆனால், அங்கெல்லாம் நாம் காண்பவை மனிதனால் வளர்க்கப்படும் ஒட்டகங்கள். ஒற்றைத் திமில் ஒட்டகத்தின் காட்டு இனம் ஏறத்தாழ இரண்டாயிரம் ஆண்டுகளுக்கு முன்பே அழிந்துவிட்டது. ஆஸ்திரேலியப் பாலைவனத்தில் கட்டின்றித் திரிபவையும் ஒரு காலத்தில் மனிதன் கொண்டு சென்று கைவிட்டவற்றின் வழித்தோன்றல்களே. உண்மையான காட்டு ஒட்டகம் இன்று சீனாவின் வடமேற்கிலும் மங்கோலியாவின் கோபி பாலைவனத்திலும் மட்டுமே உள்ளது. இரட்டைத் திமில் கொண்ட அந்த விலங்கை அறிவியல் உலகுக்கு அறிமுகப்படுத்தியவர் ரஷியப் புவியியல் ஆய்வாளர் நிக்கோலாய் பிரஷெவால்ஸ்கி.

1839-இல் ரஷியாவின் ஸ்மோலென்ஸ்க் மாகாணத்தில் பிறந்த அவர், பள்ளிப் படிப்பை முடித்ததும் ராணுவத்தில் சேர்ந்தார். பின்னர் வார்சா ராணுவப் பள்ளியில் புவியியலும் வரலாறும் கற்பித்தார். 1867 முதல் 1869 வரை உசூரி ஆற்றுப் பகுதியில் மேற்கொண்ட ஆய்வு அவருக்குப் பெயர் பெற்றுத் தந்தது. அதைத் தொடர்ந்து மத்திய ஆசியாவுக்கு நான்கு பெரும் பயணங்களை மேற்கொண்டார்.

1870-இல் தொடங்கிய முதல் பயணம் மூன்று ஆண்டுகள் நீடித்தது. கோபியைக் கடந்து, பெய்ஜிங் சென்று, திபெத்தின் வடபகுதி வரை அவர் போனார். பயணச் சுமை முழுவதையும் சுமந்தவை வளர்ப்பு ஒட்டகங்கள். ஒட்டகம் நலிந்தால் பயணமே நின்றுவிடும் என்பதை அந்தப் பாலைவனம் அவருக்குக் கற்பித்தது.

1876-இல் தொடங்கிய இரண்டாவது பயணத்தில், தாரிம் ஆற்றின் வழியே லோப் நோர் ஏரியை நோக்கிச் சென்றார். கடும் குளிர்காலத்தில் ஆல்டின் தாக் மலைப் பகுதியில் காட்டு ஒட்டகங்களைத் தேடி அலைந்தார். நெடுந்தொலைவிலேயே மனித வாடையை உணர்ந்து விலகி ஓடும் அந்த விலங்கு, தேர்ந்த வேட்டைக்காரரான அவருக்கும் அகப்படவில்லை. உள்ளூர் வேட்டைக்காரர்கள் கொண்டுவந்த தோல்களே அவருக்குச் சான்றாகக் கிடைத்தன. அவற்றைக் கொண்டு 1878-இல் காட்டு ஒட்டகத்தை அவர் பதிவு செய்தார்.

இருபது ஆண்டுகளுக்கு முன்பு லோப் நோர் அருகே ஏராளமாகத் திரிந்த ஒட்டகங்கள், வேட்டை பெருகியதால் அருகிவிட்டன என்று அங்கிருந்தவர்கள் சொன்னதையும் அவர் எழுதிவைத்தார். அதாவது, அறிவியல் அந்த விலங்கை அறிந்துகொண்டபோதே அதன் வீழ்ச்சி தொடங்கிவிட்டிருந்தது.

பிரஷெவால்ஸ்கியை மாசற்ற மாமனிதராகச் சித்திரிப்பது வரலாற்றுக்கு நியாயமாகாது. அவர் அறிவியலாளர் மட்டுமல்லர்; ஒரு பேரரசின் ராணுவ அதிகாரியும்கூட. ஆயுதம் தாங்கிய கொசாக் வீரர்களுடன் சென்ற அவருடைய எழுத்தில் ஆசிய மக்களைப் பற்றிய ஏளனம் வெளிப்படையாகவே உள்ளது. 1879-இல் தொடங்கிய மூன்றாவது பயணத்தில் லாசாவை அடையத் துடித்த அவரைத் திபெத்தியர்கள் வழியிலேயே தடுத்துத் திருப்பி அனுப்பினர். ஆயினும், அவர் வரைந்த வரைபடங்களையும் சேகரித்த ஆயிரக்கணக்கான தாவர, விலங்கு மாதிரிகளையும் யாரும் புறக்கணிக்க முடியாது.

1888-இல் ஐந்தாவது பயணத்துக்கான ஆயத்தங்களில் இருந்தபோது குடற்காய்ச்சலால் காரகோல் நகரில் காலமானார். அப்போது அவருக்கு வயது 49. அவர் விரும்பியபடியே இசிக்-குல் ஏரிக்கரையில் அடக்கம் செய்யப்பட்டார். செயின்ட் பீட்டர்ஸ்பர்க் நகரில் உள்ள அவரது நினைவுச் சின்னத்தின் அடியில் சுமையுடன் ஓர் ஒட்டகம் படுத்திருக்கிறது. சிலைக்கு உரிமை கொண்டாட அதற்கு முழுத் தகுதி உண்டு.

அவர் கண்ட லோப் நோர் இன்று வறண்ட உப்புப் படுகை. 1964 முதல் 1996 வரை சீனாவின் அணுகுண்டுச் சோதனைக் களமாக இருந்ததும் அந்தப் பகுதியே. அதையும் தாங்கி, உப்பு ஊற்றுநீரைக் குடித்து உயிர்வாழும் காட்டு ஒட்டகங்கள் ஏறத்தாழ ஆயிரம் மட்டுமே எஞ்சியுள்ளன. வளர்ப்பு ஒட்டகத்திலிருந்து பல லட்சம் ஆண்டுகளுக்கு முன்பே பிரிந்த தனி இனம் அது என்பதை மரபணு ஆய்வுகள் உறுதி செய்துள்ளன. எனவே, வளர்ப்பு ஒட்டகங்கள் எத்தனை லட்சம் இருந்தாலும் அந்த இழப்பை ஈடுசெய்ய முடியாது.

பிரஷெவால்ஸ்கியின் பெயர் தாங்கிய காட்டுக் குதிரை, இயற்கை வாழிடத்தில் முற்றிலும் மறைந்த பிறகு விலங்குக் காட்சியகங்களில் எஞ்சியவற்றைக் கொண்டு மங்கோலியாவில் மீண்டும் குடியேற்றப்பட்டது. காட்டு ஒட்டகத்துக்கு அந்த வாய்ப்பு குறைவு. காப்பகங்களில் இருப்பவை மிகச் சில. பொருளாதாரம் விலை உள்ளவற்றையே கணக்கில் கொள்கிறது. சுமை தூக்காத, பால் தராத, சந்தைக்கு வராத ஓர் உயிருக்கு அந்தக் கணக்கில் இடமில்லை. சுரங்கமும் சாலையும் பாலைவனத்துக்குள் நுழையும்போது, வெற்று நிலம் என்று நாம் எழுதிவைக்கும் இடம் வேறோர் உயிரின் வீடு என்பதை மறந்துவிடலாகாது.