லயனல் வென்ட்: மௌனப் படச்சுருளுக்குக் குரல் கொடுத்தவர்

கொழும்பிலிருந்து கண்டிக்குப் புகையிரதத்தில் போகும்போதெல்லாம், கடுகண்ணாவை ஏற்றத்தில் எனக்கு லயனல் வென்டின் நினைவு வரும். ஊடகக் கற்கை படித்த நாட்களில் பார்த்த ‘சோங் ஒஃப் சிலோன்’ ஆவணப்படம்தான் காரணம்.

1900இல் பிறந்த வென்ட், உயர் நீதிமன்ற நீதியரசர் ஒருவரின் மகன். இங்கிலாந்தில் சட்டமும் பியானோவும் கற்று 1924இல் நாடு திரும்பினார். சட்டத்தொழில் அவரைப் பிடித்து வைக்கவில்லை. முதலில் பியானோ, பிறகு கமரா என்று வாழ்ந்தார். கண்டிய நடனக் கலைஞர்களை அவர் எடுத்த படங்கள் இன்றும் பேசப்படுகின்றன.

1934இல் பிரித்தானிய இயக்குநர் பசில் ரைட் இங்கு வந்தார். தேயிலைப் பிரசாரச் சபை அவரிடம் கேட்டது நான்கு குறும் பயணப் படங்களை. உள்ளூரில் அவருக்குத் துணை நின்றவர் வென்ட். கமராவில் பதிவானது காட்சி மட்டுமே. ஒலி முழுவதும் பின்னர் லண்டனில் சேர்க்கப்பட்டது. வென்ட் அங்கே சென்று தன் குரலைக் கொடுத்தார். அவர் வாசித்தது, கண்டி இராச்சியத்தில் ஏறத்தாழ 19 ஆண்டுகள் சிறைப்பட்டிருந்த றொபேர்ட் நொக்ஸ் 1681இல் வெளியிட்ட நூலிலிருந்து. நான்கு பகுதிகள் கொண்ட ஒரே படமாக வெளிவந்த அது, 1935இல் பிரசெல்ஸ் விழாவில் முதற் பரிசு பெற்றது.

அதன் மூன்றாம் பகுதியைத்தான் நான் திரும்பத் திரும்பப் பார்த்திருக்கிறேன். மலையேறும் புகையிரதத்தின் ஓசை, மரத்தை முட்டிச் சாய்க்கும் யானையின் மேலும் தொடர்கிறது. பிறகு பெண்கள் கொழுந்து பறிக்கிறார்கள். பின்னணியில் கேட்பது சந்தை விலைகளும் வணிகக் கட்டளைகளும். ரைட் இதைக் குத்தலாகவே செய்தார் என்று நினைக்கிறேன். ஆனாலும் அந்தப் பெண்கள் பேசவில்லை. சிறைப்பட்ட வெள்ளையரின் சொற்களுக்கு ஒரு குரல் கிடைத்தது. விலை சொன்னவர்களுக்கும் கிடைத்தது. கொழுந்து பறித்தவர்களின் தமிழுக்கு அங்கே இடம் இருக்கவில்லை.

வென்ட் 1944 டிசம்பரில், 44 வயதில், காலமானார். அவர் இறந்த பின் அவருடைய நெகடிவ்கள் அழிக்கப்பட்டன. 1948இல் வந்த பிரஜாவுரிமைச் சட்டம் மலையகத் தமிழரில் மிகப் பெரும்பாலானோரை நாடற்றவர்களாக்கியது.

இதற்கு வென்டைக் குற்றம் சொல்ல முடியாது. அவர் கலைஞராகத் தன் பங்கைச் செய்தார். ஆனால் அந்தப் படத்தை உலகச் சினிமாவின் சாதனை என்று கொண்டாடும்போது, அதில் கூடை சுமந்து நிற்பவர்கள் யார் என்பதையும் நாம் சேர்த்தே சொல்ல வேண்டும்.