கதையில் பிறந்த திருடன்!

உயரமான தொப்பி, ஒற்றைக் கண்ணாடி, பளபளக்கும் உடை. பார்த்தால் பெரிய கோடீஸ்வரர் போல இருப்பார். ஆனால், விருந்து முடிந்து பார்த்தால் சீமாட்டிகளின் வைர நகைகள் காணாமல் போயிருக்கும். அவர்தான் அர்சேன் லூபின். உலகப் புகழ் பெற்ற இந்தக் கற்பனைத் திருடனைப் படைத்தவர், மாரிஸ் லெப்ளாங்க்.

பிரான்ஸ் நாட்டின் ரூவான் நகரில், 1864ம் ஆண்டு டிசம்பர் 11ம் தேதி பிறந்தார் லெப்ளாங்க். தந்தை கப்பல் தொழில் செய்த வசதியானவர். மகனை ஒரு தொழிற்சாலையில் வேலைக்குச் சேர்த்து விட்டார். ஆனால், மகனின் மனமெல்லாம் எழுத்தில்தான். தொழிற்சாலையில் உட்கார்ந்தபடியே கதை எழுதினார். கடைசியில் வேலையை உதறிவிட்டு, பாரிஸ் நகருக்குச் சென்றார்.

அதே ரூவான் நகரில் பிறந்த பெரும் எழுத்தாளர் பிளாபேர் போலப் புகழ் பெற வேண்டும் என்பதே அவரது கனவு. 1893ல் முதல் நாவல் வெளியானது. விமர்சகர்கள் பாராட்டினர். ஆனால், புத்தகங்கள் அதிகம் விற்கவில்லை. இப்படியே பல ஆண்டுகள் ஓடின.

1905ல், 'ழே சே து' என்ற புதிய பத்திரிகையை நடத்திய பியர் லபித், அவரிடம் ஒரு துப்பறியும் கதை கேட்டார். அப்போது இங்கிலாந்தில் ஷெர்லக் ஹோம்ஸ் கதைகள் சக்கைப்போடு போட்டுக் கொண்டிருந்தன. லெப்ளாங்க் கொஞ்சம் மாற்றி யோசித்தார். துப்பறிவாளரை விட்டு, திருடனையே நாயகனாக்கினார்!

அட்லாண்டிக் கடலில் செல்லும் கப்பலில் நகை திருடிய லூபின், கரை இறங்கியதும் போலீஸ் அதிகாரி கனிமாரிடம் சிக்குவதாகக் கதையை முடித்தார். கதை பெரிய வெற்றி. இன்னும் எழுதும்படி லபித் கேட்டார். நாயகன்தான் சிறைக்குப் போய் விட்டானே என்று விழித்தார் லெப்ளாங்க். அவனைத் தப்ப வையுங்கள் என்றார் லபித்.

சிறையில் இருந்தபடியே லூபின் திருடுவதாக அடுத்த கதை. கோட்டையில் வாழும் ஒரு பணக்காரப் பிரபுவுக்கு, இன்ன நாளில் உன் பொருட்கள் திருடு போகும் என்று சிறையிலிருந்து கடிதம் வருகிறது. பயந்து போன பிரபு, அந்தப் பக்கம் ஓய்வுக்கு வந்திருந்த கனிமாரைத் தேடிப் பிடித்துக் காவலுக்கு அழைக்கிறார். விடிந்து பார்த்தால் கோட்டை காலி. காவலுக்கு வந்தவர் கனிமாரே இல்லை; லூபினின் ஆள்!

அதற்கடுத்த கதையில், தோற்றத்தையே மாற்றிக் கொண்டு நீதிமன்றத்துக்கு வருகிறான் லூபின். இவன் லூபின் இல்லை என்று கனிமாரே அடித்துச் சொல்ல, ஹாயாக வெளியே நடந்து போகிறான்.

போலீஸ் மட்டும் போதாது, சரியான போட்டியாளர் வேண்டும் என்று நினைத்த லெப்ளாங்க், 1906ல் ஷெர்லக் ஹோம்சையே தன் கதைக்குள் கொண்டு வந்தார். ஹோம்சைப் படைத்த கானன் டாயில் இதற்கு எதிர்ப்புத் தெரிவித்தார். லெப்ளாங்க் அசரவில்லை. எழுத்துகளை மட்டும் இடம் மாற்றி, 'ஹெர்லக் ஷோம்ஸ்' என்று பெயர் வைத்து விட்டார். லூபினைப் போலவே அவரும் கெட்டிக்காரர்தான்!

பணமும் புகழும் குவிந்தன. ஆனால், லெப்ளாங்குக்கு ஒரு மனக்குறை. ஆசையாக எழுதிய மற்ற நாவல்களை யாரும் தேடவில்லை. எங்கு போனாலும் லூபினைப் பற்றியே கேட்டனர். வைரங்களைத் திருடிய லூபின், எழுத்தாளரின் பெயரையும் திருடி விட்டான். அவனை விட்டு விலக நினைத்தாலும் வாசகர்கள் விடவில்லை. சுமார் 30 ஆண்டுகள் அவன் கதைகளை எழுதினார். வேண்டா வெறுப்பாக எழுதாமல், ஒவ்வொன்றிலும் புதுப்புதுப் புதிர்களை வைத்தார்.

எத்ரத்தா கடற்கரையில், கடலுக்குள் ஊசி போல நிற்கும் ஒரு பாறை உண்டு. அதன் உள்ளே பிரெஞ்சு மன்னர்களின் புதையல் இருப்பதாக அவர் எழுதிய நாவல், 1909ல் வெளியானது. பின்னாளில் அதே ஊரில் வீடு வாங்கிக் குடியேறினார்.

இரண்டாம் உலகப் போரின் போது தெற்கே சென்ற லெப்ளாங்க், 1941ம் ஆண்டு நவம்பர் 6ம் தேதி பெர்ப்பினியான் நகரில் காலமானார். எத்ரத்தாவில் இருந்த அவரது வீடு, 1999ல் அருங்காட்சியகமாகத் திறக்கப்பட்டது. 1967ல் ஜப்பானில் லூபினின் பேரனை நாயகனாக்கிப் படக்கதை வந்தது. 2021ல் லூபின் கதைகளைப் படித்து வளர்ந்த ஒருவரைப் பற்றிய தொலைக்காட்சித் தொடர், பல நாடுகளில் ரசிக்கப்பட்டது.

பிளாபேர் போல ஆக நினைத்தவருக்கு அந்தப் பெயர் கிடைக்கவில்லை. ஆனால், 40 வயதில் கேட்டு வாங்கப்பட்ட ஒரு சிறுகதையை அக்கறையாக எழுதினார். அதுவே அவரது பெயரை இன்று வரை காப்பாற்றி வருகிறது!