அம்ரிதா சேர்கில்

அம்ரிதா சேர்கில் (ஜனவரி 30, 1913 - டிசம்பர் 5, 1941) இந்திய நவீன ஓவியக் கலையின் முன்னோடிகளுள் ஒருவர் ஆவார். இவரது தந்தை உம்ராவ் சிங் சேர்கில் (1870 - 1954), இந்தியாவின் தொடக்ககால ஒளிப்படக் கலைஞர்களுள் குறிப்பிடத்தக்கவர்.

இளமைக்காலம்

அம்ரிதா அங்கேரியின் புடாபெசுட்டு நகரில் பிறந்தார். தந்தை பஞ்சாபின் சீக்கியப் பிரபு குடும்பத்தைச் சேர்ந்தவர். சமசுகிருதம், பாரசீகம் ஆகிய மொழிகளைக் கற்றவர். தாய் மேரி ஆந்துவானெத் அங்கேரிய இசைப் பாடகி. தங்கை இந்திரா 1914 இல் பிறந்தார். முதல் உலகப் போர்க் காலம் முழுவதும் அங்கேரியில் வாழ்ந்த இக்குடும்பம், 1921 இல் இந்தியாவுக்கு வந்து சிம்லாவில் குடியேறியது.

தந்தையின் ஒளிப்படங்கள்

உம்ராவ் சிங் ஒளிப்படக் கலையைத் தொழிலாகக் கொள்ளவில்லை. தம்மையும் தம் குடும்பத்தினரையுமே பல பத்தாண்டுகள் படமெடுத்தார். தன்னுருவப் படங்கள் பலவற்றோடு, ஆட்டோகுரோம் முறையில் வண்ணப் படங்களையும் எடுத்துள்ளார். குழந்தைப் பருவம் முதலே அம்ரிதா அவரது கருவியின் முன் நின்று வளர்ந்தார். அங்கேரிய உடை, புடவை, பாரிசு நகர நாகரிக உடை என வெவ்வேறு தோற்றங்களில் இவர் இப்படங்களில் காணப்படுகிறார். பின்னாளில் இவரும் தம்மையே பொருளாகக் கொண்டு பல தன்னுருவ ஓவியங்களை வரைந்தார். ஆனால் அவற்றில் தம் தோற்றத்தைத் தாமே தீர்மானித்தார்.

ஓவியப் பணி

மகள்களின் கல்விக்காகக் குடும்பம் 1929 இல் பாரிசுக்குச் சென்றது. அம்ரிதா அங்கு லூசியன் சிமோன் என்பவரிடம் ஓவியம் பயின்றார். 1932 இல் வரைந்த "இளம் பெண்கள்" என்னும் ஓவியம் அடுத்த ஆண்டு பாரிசு சலோன் கண்காட்சியில் தங்கப் பதக்கம் பெற்றது. அதற்கு அமர்ந்தவர்களுள் ஒருவர் தங்கை இந்திரா ஆவார். 1934 இன் இறுதியில் அம்ரிதா இந்தியா திரும்பினார். அசந்தா குகை ஓவியங்களைக் கண்டபின் திருவனந்தபுரம், கன்னியாகுமரி, கொச்சி ஆகிய இடங்களுக்குச் சென்றார். இப்பயணத்தின் விளைவாக 1937 இல் "மணமகளின் ஒப்பனை", "பிரம்மச்சாரிகள்", "சந்தைக்குச் செல்லும் தென்னிந்தியக் கிராமத்தினர்" ஆகிய ஓவியங்கள் தோன்றின.

குடும்பத்துடனான பிணக்கு

1930களின் பிற்பகுதியில், அம்ரிதா வீட்டில் இல்லாத வேளையில், அவர் சேர்த்து வைத்திருந்த கடிதங்களைப் பெற்றோர் எரித்துவிட்டனர். இது அவரைப் பெரிதும் வருத்தியது. மகளின் உருவத்தை ஆண்டுதோறும் படச்சுருளில் காத்துவைத்த வீட்டிலேயே அவருக்கு வந்த கடிதங்கள் அழிந்தன.

மறைவும் பின்னரும்

அம்ரிதா 1938 இல் தம் உறவினரான மருத்துவர் விக்டர் எகானை மணந்தார். லாகூரில் தனிக் கண்காட்சி ஒன்று தொடங்கவிருந்த நிலையில் 28 ஆம் வயதில் இறந்தார். தந்தை அதன்பின் 13 ஆண்டுகள் வாழ்ந்தார். கணவரும் தந்தையும் அளித்த ஓவியங்கள் புது தில்லியின் தேசிய நவீன கலைக்கூடத்தில் உள்ளன. 1976 இல் இந்திய அரசு இவரது படைப்புகளைத் தேசியக் கலைச் செல்வங்களாக அறிவித்தது.

இந்திரா, இந்தியாவின் இரண்டாவது தலைமைத் தேர்தல் ஆணையரான கே. வி. கே. சுந்தரத்தை மணந்தார். இவர்களின் மகனான ஓவியர் விவான் சுந்தரம் (1943 - 2023), பாட்டனாரின் ஒளிப்படங்களையும் அம்ரிதாவின் ஓவியங்களையும் கணினி வழி இணைத்து 2000களின் தொடக்கத்தில் ஒரு படத்தொடரை உருவாக்கினார். அதில் தந்தையும் மகளும் ஒரே சட்டத்துள் மீண்டும் சந்திக்கின்றனர்.